மராபார் குகையின் எதிரொலி

(மகாவீரர் ஜெயந்தி விழாவில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



எந்த நிலப்படத்திலும் காணப்படாத ஒரு குன்றத்தைப் பற்றியது இவ்வுரை. அதன் பெயர் மராபார். அக்குன்றத்தின் குகைகளில் வண்ண ஓவியம் இல்லை, சிற்பம் இல்லை, வழிபாடும் இல்லை. அங்கு இருப்பது ஓர் எதிரொலி மட்டுமே. அந்த எதிரொலி ஒரு மூதாட்டியின் நம்பிக்கையைக் குலைத்தது. குற்றமற்ற ஒரு மருத்துவரைச் சிறைக்கு அனுப்பியது. ஓர் ஊரையே இரண்டாகப் பிளந்தது. இத்தனையும் நிகழ்ந்தது ஒரு புதினத்தில்தான். எனினும் அப்புதினம் எழுப்பும் வினா கற்பனை அன்று. சொல் என்பது எப்போது சொல்லாக நிற்கிறது, எப்போது வெற்றோசையாகி மனிதரை அழிக்கிறது என்பதே அவ்வினா. வாய்மையை விரதமாகக் கொண்ட குடும்பங்கள் சிந்திக்கத் தக்கது அது.

கற்பனைக் குன்றமும் மெய்க் குன்றமும்

ஆங்கில எழுத்தாளர் எட்வர்ட் மார்கன் ஃபார்ஸ்டர் 1879ஆம் ஆண்டு பிறந்தவர். 1912ஆம் ஆண்டின் இறுதியில் முதன்முறையாக இந்தியா வந்தார். 1913 சனவரியில் கயைக்கு வடக்கேயுள்ள பராபர் குன்றங்களைக் கண்டார். அக்காட்சி அவர் உள்ளத்தை விட்டு நீங்கவில்லை. எழுதத் தொடங்கிய புதினத்தை இடையில் நிறுத்தி வைத்தார். 1921இல் மீண்டும் வந்து தேவாஸ் சமஸ்தானத்து அரசரிடம் சில காலம் செயலராக இருந்து திரும்பிய பின்னரே அதனை முடித்தார். 1924இல் வெளிவந்த அந்நூலே 'எ பாஸேஜ் டு இந்தியா'. பராபர் என்னும் மெய்க் குன்றமே அதில் மராபார் என்னும் கற்பனைக் குன்றமாயிற்று.

பராபர் குன்றம் இன்று பீகார் மாநிலத்தின் ஜகானாபாத் மாவட்டத்தில் உள்ளது. கருங்கல்லைக் குடைந்து அமைத்த குகைகளுள் இந்தியாவில் இன்றும் நின்று நிலவும் மிகப் பழையவை அங்குள்ளவையே. சுதாமா, விசுவகர்மா, கரண் சௌபார், லோமச ரிஷி என்பன பராபர் குன்றத்தில் உள்ளவை. கோபிகை முதலிய மூன்று குகைகள் அருகிலுள்ள நாகார்ஜுனிக் குன்றத்தில் உள்ளவை. அசோகர் தம் 12ஆம் ஆட்சியாண்டில் இரண்டு குகைகளை ஆசீவகத் துறவியர்க்கு அளித்தார் என்று அங்குள்ள கல்வெட்டுகள் கூறுகின்றன. அவர் பேரன் தசரதன் நாகார்ஜுனிக் குகைகளை, மழைக்காலத்தில் அத்துறவியர் தங்குவதற்கென, சூரியனும் சந்திரனும் உள்ளவரை நிலைக்குமாறு வழங்கினான். பிற்காலத்தவர் சில கல்வெட்டுகளில் ஆசீவகர் என்னும் சொல்லை மட்டும் தேடிச் சிதைத்திருக்கின்றனர். ஒரு சமயத்தின் பெயரைக்கூடப் பொறுக்க இயலாத மனம் அன்றும் இருந்தது.

ஆசீவகர் தமிழ்ச் சமணர்க்குப் புதியவர் அல்லர். மகாவீரரின் காலத்தவரான மற்கலி கோசாலரைத் தலைவராகக் கொண்டவர்கள் அவர்கள். எல்லாம் ஊழின்படியே நடக்கும், மனித முயற்சியால் மாறுவது ஒன்றுமில்லை என்பது அவர்கள் கொள்கை. நீலகேசியில் ஆசீவக வாதச் சருக்கம் என்னும் பகுதி முழுவதும் அக்கொள்கையை மறுத்து எழுதப்பெற்றதே. இச்செய்தி உரையின் பிற்பகுதியில் மீண்டும் வரும்.

குகையில் நிகழ்ந்தது

புதினத்தில் மராபார் குகைகள் அனைத்தும் ஒரே அமைப்புடையவை. எட்டு அடி நீளமும் ஐந்து அடி உயரமும் மூன்று அடி அகலமும் உடைய ஒரு சிறு நுழைவழி. அதன் முடிவில் ஏறத்தாழ இருபது அடி குறுக்களவுள்ள வட்டமான அறை. சுவர் கண்ணாடிபோல் மெருகேறியது. தீக்குச்சி ஒன்றைக் கொளுத்தினால் கல்லுக்குள் இன்னொரு சுடர் தோன்றி அதனை நோக்கி வரும். இரண்டும் ஒன்றையொன்று நெருங்கும்; ஒருபோதும் கூடமாட்டா. ஓசை எழுந்தாலோ, அது எத்தன்மையது ஆயினும், 'பௌம்' என்பது போன்ற ஒரே முழக்கமாகத் திரும்பி வரும். அன்பு மொழியும் வசைமொழியும், மூக்கைச் சிந்தும் ஓசையும் காலணியின் கிரீச்சொலியும் அங்கே ஒன்றே. பலர் ஒரே வேளையில் பேசினால் எதிரொலியிலிருந்து எதிரொலி பிறந்து, பாம்புகள் நெளிவதுபோல் குகை நிறையும்.

சந்திரபூர் என்னும் ஊரில் இளம் மருத்துவர் அஜீஸ் வாழ்கிறார். அவ்வூரின் ஆங்கில நீதிபதியைக் காண அவருடைய தாயார் மூர் அம்மையாரும், அவரை மணக்க எண்ணியிருக்கும் அடிலா என்னும் பெண்ணும் இங்கிலாந்திலிருந்து வருகின்றனர். ஆளும் இனத்தவரின் இறுமாப்பு இல்லாத அவ்விருவரையும் மகிழ்விக்க விரும்பிய அஜீஸ், தம் சக்திக்கு மீறிச் செலவு செய்து குகைகளைக் காண அழைத்துச் செல்கிறார்.

மூர் அம்மையார் எத்தகையவர் என்பதைக் காட்ட ஃபார்ஸ்டர் ஒரு சிறு நிகழ்ச்சியை முன்பே வைத்திருக்கிறார். இரவில் மேலாடையை மாட்டப் போனவர், மாட்டும் முளையின் நுனியில் ஒரு குளவி உறங்குவதைக் காண்கிறார். அதனை விரட்டவில்லை, அன்பாக ஒரு சொல் சொல்லி அப்படியே விடுகிறார். அதற்கடுத்து வருவது, கிறித்தவப் பாதிரிமார் இருவர் இறைவனின் வீட்டில் எவ்வுயிர்க்கெல்லாம் இடம் உண்டு என்று உரையாடிய செய்தி. குரங்குக்கு இடம் தர இளைய பாதிரியார் ஒப்புகிறார். குளவி என்றதும் தயங்குகிறார். கள்ளிச் செடியும் படிகமும் சேறும் என்று வந்தபோது, எங்கேனும் ஓர் எல்லை வேண்டும் என்று நின்றுவிடுகிறார். ஓரறிவுயிர் முதல் ஐயறிவுயிர் வரை எண்ணிப் பழகிய சமணக் குடும்பத்துச் சிறுவன் ஒருவன் அவ்விடத்தைப் படித்தால், தான் அறிந்த பாடம் எவ்வளவு பெரியது என்பதை உணர்வான். நிலமும் நீரும் நெருப்பும் காற்றும் செடியும் உயிருடையன என்று கற்றவனுக்கு அந்த எல்லைக்கோடு தேவைப்படாது.

அத்தகைய நல்லுள்ளம் கொண்ட மூதாட்டி குகைக்குள் நுழைகிறார். கூட்டம் நெருக்குகிறது, மூச்சு முட்டுகிறது, இருளில் ஏதோ ஒன்று முகத்தில் மோதுகிறது. எதிரொலி எழுகிறது. பதறி வெளியே வந்து பார்த்தபோது, முகத்தில் பட்டது ஒரு தாயின் இடுப்பிலிருந்த குழந்தை என்று தெரிகிறது. குகையில் தீங்கு ஏதும் இல்லை. ஆயினும் அந்த ஒலி அவரை விடவில்லை. வெளியே அமர்ந்து பிள்ளைகளுக்குக் கடிதம் எழுத முயல்கிறார், எழுத்து ஓடவில்லை. உயர்ந்தது, தாழ்ந்தது, நல்லது, தீயது எல்லாம் அம்முழக்கத்தில் ஒன்றாகிவிட்டன. வாழ்நாள் முழுவதும் போற்றிய சமய உரைகளும் அவ்வொலியாகவே அவர் காதில் விழுகின்றன.

அடிலா அஜீசுடன் மேலே ஏறிச் செல்கிறாள். எண்ணாமல் கேட்ட ஒரு வினாவால் அஜீசின் மனம் புண்பட, அவர் தம்மைத் தேற்றிக்கொள்ள ஒரு குகைக்குள் ஒதுங்குகிறார். அடிலா தனியே வேறொரு குகைக்குள் போகிறாள், நகத்தால் சுவரைக் கீறுகிறாள், எதிரொலி எழுகிறது. அடுத்து நிகழ்ந்தது என்ன என்பதைப் புதினம் கூறவில்லை. அவள் கள்ளிப் புதர்களூடே ஓடிக் கீழே இறங்குகிறாள். பின்னர் அஜீஸ் கைது செய்யப்படுகிறார். குகையில் தன்னை அவமதித்தார் என்பது குற்றச்சாட்டு.

ஒலி அவ்வாறு ஒலிப்பதேன்?

மெய்யான பராபர் குகைகளிலும் ஒலி நெடுநேரம் முழங்குகிறது. அதில் மாயம் இல்லை. ஒலி நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்லும். சொன்ன சொல் தனித்த எதிரொலியாகத் திரும்பக் கேட்க வேண்டுமாயின் தடுக்கும் சுவர் ஏறத்தாழ 17 மீட்டர் தொலைவிலேனும் இருத்தல் வேண்டும். ஆறு மீட்டர் அகலமுள்ள அறையில் அது நிகழாது. அங்கே ஒலி ஒரு நொடிக்குள் பல முறை சுவரில் மோதித் திரும்பி, முன் எழுந்த ஒலியும் பின் எழுந்த ஒலியும் ஒன்றன்மேல் ஒன்று படியும்.

வீடுகளில் துணியும் மரமும் மனித உடலும் ஒலியை உறிஞ்சுகின்றன. மெருகேற்றிய கருங்கல்லோ ஏறக்குறைய முழுவதையும் திருப்பி அனுப்புகிறது. வளைந்த சுவரும் கூரையும் சிதறும் ஒலியை மீண்டும் ஓரிடத்தில் குவிக்கின்றன. பேச்சில் பொருளை வேறுபடுத்துவன பெரும்பாலும் மெய்யெழுத்துகள். கல், கண், கள் என்பனவற்றைப் பிரித்தறிவது இறுதி மெய்யால் அன்றோ? அவை வலிமை குறைந்தவை, கணத்தில் மறைபவை. உயிரெழுத்துகளின் நீண்ட முழக்கம் அவற்றை மூடிவிடுகிறது. ஆகவே குகை சொல்லை அழிக்கவில்லை. சொல்லின் வேறுபாட்டை அழிக்கிறது. எஞ்சுவது முழக்கம்.

ஒலி பற்றிய சமணக் கொள்கையை இங்கு நினைவுகூரல் தகும். ஒலி ஆகாயத்தின் குணம் என்றனர் வைசேடிகர். அதனை ஏற்காத ஆருகத நூலோர், ஒலி புத்கலத்தின் நிலைவேறுபாடுகளுள் ஒன்று என்றனர். தத்துவார்த்த சூத்திரத்தின் ஐந்தாம் அத்தியாயத்தில் இருள், நிழல், வெயில் முதலியவற்றோடு ஒலியும் எண்ணப்படுகிறது. மோதுவதும் தடைபடுவதும் திரும்புவதும் பருப்பொருளின் இயல்பு. ஒலி சுவரில் மோதித் திரும்புகிறது. ஆதலின் அது பொருட்சார்புடையது என்னும் அறிவுநெறி அது. உரையாசிரியர்கள் அவ்வொலியை மொழி வடிவானது, மொழி வடிவல்லாதது என்று இரண்டாகப் பகுத்தனர். மராபார் குகையின் அச்சம் முழுவதையும் அப்பகுப்பைக் கொண்டு ஒரே வாக்கியத்தில் சொல்லிவிடலாம்: உள்ளே செல்லும் மொழி வடிவான ஒலி, மொழி வடிவல்லாத ஒலியாக வெளிவருகிறது.

இதற்கு நேர் எதிரான ஒன்றும் மரபில் உண்டு. சமவசரணத்தில் எழும் திவ்யத்தொனி, எழுத்து வடிவற்ற ஒரே ஒலி என்று திகம்பர மரபு கூறும். ஆயினும் 18 பெருமொழி பேசுவோரும் 700 சிறுமொழி பேசுவோரும், விலங்கும் பறவையும்கூட, தத்தம் மொழியில் அதனை உணர்கின்றனர். அங்கே ஓர் ஒலி அனைவர்க்கும் பொருளாகிறது; மராபாரில் அனைவர் பொருளும் ஓர் ஒலியாகி மடிகிறது. ஒன்று வேறுபாடுகளை ஏற்றுக்கொண்டு ஒருமை காண்பது. மற்றது வேறுபாடுகளை விழுங்கி ஒருமை காட்டுவது. அநேகாந்தம் முன்னதன் பக்கம் நிற்பது.

ஆசீவகக் கொள்கையும் இவ்விடத்தில் நினைவுக்கு வரும். எதைச் செய்தாலும் விளைவு ஒன்றே என்னும் கொள்கையுடையோர் வாழ்ந்த குன்றம், எதைச் சொன்னாலும் விடை ஒன்றே என்னும் குகையாகப் புதினத்தில் உருப்பெற்றது. அது தற்செயலாகவும் இருக்கலாம். ஆனால் மூர் அம்மையாரை வீழ்த்தியதும், நீலகேசி மறுத்ததும் ஒரே எண்ணமே. முயற்சி வீண், சொல் வீண், நன்மை தீமை என்னும் பகுப்பு வீண் என்பதே அவ்வெண்ணம்.

ஊருக்குள் புகுந்த எதிரொலி

குகையின் ஒலி குகையோடு நிற்கவில்லை. ஆங்கிலேயர் தம் மன்றத்தில் கூடுகின்றனர். அடிலா சொன்னதை விடச் சொல்லாதது வேகமாகப் பரவுகிறது. ஒருவர் ஐயம் மற்றவர் வாயில் செய்தியாகிறது. மூன்றாமவர் வாயில் சான்றாகிறது. அஜீஸ் குற்றமற்றவர் என்று வாதிடும் ஆங்கிலேயரான கல்லூரி முதல்வர் ஃபீல்டிங்கை அவர்கள் விலக்குகின்றனர். எதிர்ப்புறத்தில் ஊர் மக்களும் கொதிக்கின்றனர். இரு பக்கத்திலும் எழுவது ஒரே முழக்கம். தனி மனிதரின் குரல் எதிலும் கேட்கவில்லை.

மூர் அம்மையாரோ அஜீஸ் குற்றவாளி அல்லர் என்று உணர்ந்திருக்கிறார். ஒரு முறை வாய்விட்டும் சொல்கிறார். ஆனால் சான்று சொல்ல நீதிமன்றம் வர மறுக்கிறார். எதிலும் பயன் இல்லை என்று சோர்ந்துவிட்டார். மகனும் அவரைக் கப்பலேற்றி விடுகிறான். கடல் வழியிலேயே அவர் இறந்துபோகிறார். மௌனம் சமணர்க்கு உயர்ந்த நோன்பு. திருநாதர்குன்றில் 57 நாள் உண்ணா நோன்பிருந்து உயிர் நீத்த சந்திரநந்தி ஆசிரியரைப் போன்றோரின் மௌனம் வினைகளைக் கழிப்பது. குற்றமற்றவன் சிறையிலிருக்க, உண்மை அறிந்தவர் காக்கும் மௌனமோ அவ்வகையைச் சேர்ந்ததன்று. சொல்லடக்கம் வேறு, சொல் சோர்வு வேறு.

அடிலாவின் செவியில் எதிரொலி நாள்தோறும் கேட்கிறது, நிற்கவில்லை. நீதிமன்றத்தில் கூண்டேறுகிறாள். தன் இனத்தவர் அனைவரும் அவள் பின்னால் அமர்ந்திருக்கின்றனர். அஜீஸ் பின்தொடர்ந்து குகைக்குள் வந்தாரா என்று கேட்கப்படுகிறது. ஆம் என்றால் அனைவரும் மகிழ்வர். அவள் அந்நாளை மனக்கண்ணில் மீண்டும் காண்கிறாள்; குகை வாயிலைப் பார்க்கிறாள்; அங்கே அவரைக் காணவில்லை. தவறிழைத்துவிட்டதாகவும், அவர் வரவில்லை என்றும் அவையறியச் சொல்லிவிடுகிறாள்.

அதற்கு அவள் கொடுத்த விலை பெரிது. தன்னவர் கைவிட்டனர், பேசிய மணம் முறிந்தது, விடுதலை பெற்ற மக்களும் அவளைப் போற்றவில்லை. ஆனால் ஒன்று நிகழ்ந்தது. செவியில் இடைவிடாது முழங்கிய எதிரொலி நின்றது. எந்த மருந்தாலும் நில்லாதது, ஓர் ஒப்புதலால் நின்றது. ஆலோசனை என்றும் பிரதிக்கிரமணம் என்றும் சமணம் வகுத்திருக்கும் நெறி இதுவே. செய்த பிழையை மறைவின்றி எடுத்துச் சொல்லித் திரும்புதல். அடிலா அப்பெயர்களை அறியாள், அச்செயலைச் செய்தாள்.

கதை அங்கும் முடியவில்லை. ஃபீல்டிங் தாயகம் சென்று மணம் செய்துகொண்ட செய்தி வருகிறது. மணமகள் அடிலாவே என்று அஜீஸ் ஊகித்துக்கொள்கிறார். உண்மையில் அவர் மணந்தது மூர் அம்மையாரின் மகளை. வந்த கடிதங்களை அஜீஸ் முழுமையாகப் படிக்கவில்லை. பொய்ச் சொல்லால் சிறை சென்றவர், பிறிதொரு பொய்யைத் தாமே நம்பித் தம் உயிர் நண்பரை இழக்கிறார். எதிரொலிக்கு இரையானவரும் எதிரொலியாக மாறக்கூடும் என்பதே இப்புதினத்தின் மிகக் கசப்பான பாடம்.

இல்லறத்தார்க்கு உரியது

வாய்மை அணுவிரதத்திற்கு ஐந்து அதிசாரங்களைத் தத்துவார்த்த சூத்திரம் கூறுகிறது. பொய்யை உபதேசித்தல், மறைவில் நிகழ்ந்ததை வெளியிடுதல், பொய் ஆவணம் எழுதுதல், வைத்த அடைக்கலப் பொருளைக் கவர்தல், பிறர் முகக்குறிப்பால் ஊகித்ததைப் பரப்புதல் என்பன அவை. இவற்றுள் இரண்டாவதும் ஐந்தாவதும் கூர்ந்து நோக்கத் தக்கன. நேரான பொய் அவற்றில் இல்லாமலும் இருக்கலாம். ஆயினும் விரதம் கெடும் என்றனர் ஆன்றோர். சந்திரபூரின் மன்றத்தில் அமர்ந்திருந்தோர் பலர் தாம் பொய் சொன்னதாகக் கருதவில்லை. அவர்கள் செய்தது அவ்விரண்டுமே.

தமிழ்ச் சமணர் எண்ணிக்கையில் சிறியோர். வந்தவாசி, ஆரணி, செஞ்சி, திண்டிவனப் பகுதி ஊர்களிலும், அங்கிருந்து நகரங்களுக்குப் பெயர்ந்த குடும்பங்களிலும் ஒருவரையொருவர் அறியாதார் அரியர். இது பெருஞ்செல்வம். அதுவே மெருகேறிய குகையும் ஆகக்கூடும். ஒரு மண்டபத்தில் ஒரு பெண்ணைப் பற்றி ஐயமாகச் சொன்ன சொல், மறுநாள் வேறோர் ஊரில் செய்தியாகக் கேட்கும். கைபேசி வந்த பின் மறுநாள் வரை காத்திருக்கவும் வேண்டுவதில்லை. பேசி முடித்த மணம் நின்றபின், முதலில் சொன்னவர் யார் என்று தேடினால் ஒருவரும் அகப்படார். ஒவ்வொருவரும் பிறர் சொல்லக் கேட்டதையே சொல்லியிருப்பர். சுவர் ஒலியைப் படைப்பதில்லை. திருப்பி அனுப்புவது மட்டுமே அதன் தொழில். சுவர்கள் எல்லாம் குற்றமற்றவை என்று எண்ணிக்கொண்டிருக்க, நடுவில் நிற்பவர் செவி கெடுகிறது.

இதற்குத் தடை யாது? துணியும் மரமும் செய்வதை மனிதர் செய்தல் வேண்டும். வந்து விழும் ஒலியை ஏற்று அங்கேயே அடங்கச் செய்தல் வேண்டும். கேட்டதைச் சொல்லுமுன், கண்டவர் யார் என்று கேட்டல். ஐயத்தை ஐயமாகவே வைத்திருத்தல். தவறாகச் சொல்லிவிட்டால் சொன்ன அவையிலேயே திருத்திச் சொல்லுதல். இம்மூன்றும் பாஷா சமிதியின் எளிய நடைமுறைகள். பேராற்றல் எதுவும் இவற்றிற்குத் தேவையில்லை.

சித்தன்னவாசல் சென்றவர் அறிவர். ஏழடிப்பட்டத்துக் கற்படுக்கைகளில் கல்வெட்டும் வழவழப்பான கல்லும் உண்டு, ஆரவாரம் இல்லை. அதே குன்றின் அறிவர் கோயில் கருவறையில் நின்று மெல்லிய ஓசை எழுப்பினால் அறை முழுவதும் அதிர்ந்து ஒலிக்கும். அதுவும் குடைந்த கல்லே; அதே ஒலியியல் அங்கும் செயற்படுகிறது. ஆனால் அங்கு செல்வோர் கூச்சலிடுவதில்லை. ஒருவர் மெதுவாக ஓதுகிறார். அருகில் நிற்போர் அமைதியாகக் கேட்கின்றனர். பின்னர் ஓதியவர் நிறுத்துகிறார். ஒலி அடங்கும்வரை அனைவரும் காத்திருக்கின்றனர்.

மராபாரையும் அறிவர் கோயிலையும் வேறுபடுத்துவது கல் அன்று, உள்ளே நிற்பவர். ஒவ்வொரு வீடும் ஒரு குகையே. அதில் எழும் சொல் முழக்கமாவதும் மந்திரமாவதும் அவ்வீட்டாரின் நாவடக்கத்தில் உள்ளது. சொல்லிய பிழை எவரிடமேனும் இருக்குமாயின், விழா முடிந்து வீடு திரும்புமுன் உரியவரிடம் அதனை எடுத்துரைத்துப் பொறுதி வேண்டுவது இத்திருநாளுக்கு ஏற்ற வழிபாடாகும்.

அறவாழி உருள்க, அனைத்துயிரும் இன்புறுக.